பாட்டுப் புத்தகம் தேடும் தம்பி தங்கைகளுக்கு

‘கருணாமிர்த சாகரம்’ என்றதும் எல்லோரும் தஞ்சாவூரைத்தான் கைகாட்டுவார்கள். அதை எழுதிய ஆபிரகாம் பண்டிதர் தென்காசிப் பக்கத்துச் சாம்பவர் வடகரையில் 1859இல் பிறந்தவர். தஞ்சாவூர் போவதற்கு முன்னால், 1870களின் பிற்பகுதியில், ஆசிரியர் பயிற்சிக்காக அவர் வந்து தங்கியது நம் திண்டுக்கல்லில். சடையாண்டி பத்தரிடம் சங்கீதம் கற்றுக்கொண்டதும் இங்கேதான். அந்த நாட்களில்தான் சுருளி மலையில் கருணானந்தர் என்ற துறவியைக் கண்டு மருத்துவம் படித்தார். குருவின் பெயர் பின்னாளில் நூலின் தலைப்பில் ஏறியது. ஆகவே பழைய இசைநூல்களைத் தேடுவதும் பட்டியலிடுவதும் காவிரிக் கரைக்காரர்களின் வேலை என்று யாராவது சொன்னால் ஒதுங்கிப் போய்விடாதீர்கள்.

பழைய அச்சு நூல்களைப் புரட்டிக் குறிப்பெழுதுவதிலேயே என் வயது போயிற்று. இப்போது நீங்கள் சிலர் கையில் நோட்டும் கைப்பேசியுமாக இந்த வேலைக்கு வந்திருக்கிறீர்கள். சொல்ல வேண்டியவற்றை எண் போட்டு எழுதுகிறேன். எண் வரிசை என்பது முக்கியத்துவ வரிசை அல்ல. முதலாவது மட்டும் உண்மையிலேயே முதலாவது.

1. கண்டதைக் கண்டபடி எழுதுங்கள், திருத்தி எழுதாதீர்கள்.

புத்தகத்தில் ‘காம்போதி’ என்று அச்சாகியிருந்தால் ‘காம்போதி’ என்றே எழுதுங்கள். நீங்கள் பாடம் பண்ணிய ராகம் வேறாக இருக்கலாம், தாளம் பொருந்தாததுபோல் தோன்றலாம், சாகித்யத்தில் ஒரு சொல் பிசகியதாகப் படலாம். அந்தக் கருத்துக்கெல்லாம் பக்கத்தில் தனிக் கட்டம் வைத்துக்கொள்ளுங்கள். பழைய பிரதி ஒரு சாட்சி. சாட்சி சொன்னதைச் சொன்னபடி பதிந்த பிறகுதான் குறுக்கு விசாரணை.

ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், இன்று பிழையாகத் தெரிவது அன்றைய பாடமாக இருக்கலாம். அருணாசலக் கவிராயரின் ராம நாடகக் கீர்த்தனைகளை எடுத்துக்கொள்ளுங்கள். பழைய பதிப்புகளில் பாட்டின் தலையில் ஒரு ராகம் இருக்கும். இன்று கச்சேரி மேடையில் அதே பாட்டு வேறு ராகத்தில் ஒலிக்கும். பெரிய வித்வான்கள் புது மெட்டு அமைத்தார்கள், அது நிலைத்துவிட்டது. இன்றைய ராகத்தைச் சரி என்று எண்ணிப் பட்டியலிலும் அதையே போட்டுவிட்டால், பழைய மெட்டு இருந்ததற்கு மிச்சமிருக்கும் ஒரே தடயத்தை நாமே அழித்தவர்களாவோம். பின்னால் வருகிறவர் அது புத்தகத்தின் பாடமா, பட்டியலிட்டவரின் பாடமா என்று பிரித்தறியவே முடியாது.

2. முகப்புப் பக்கத்தில் ஓர் எழுத்தையும் விடாதீர்கள்.

நூலின் பெயர், இயற்றியவர், பரிசோதித்தவர், செலவு கொடுத்தவர், பதிப்பித்தவர், அச்சுக்கூடம், ஊர், ஆண்டு, விலை என எல்லாம் வேண்டும். ‘பதிப்பித்தவர்’ ஒருவர், ‘அச்சிட்டவர்’ இன்னொருவர் என்பதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். 1867ஆம் ஆண்டுச் சட்டம் அச்சிட்டவர் பெயரும் அச்சிட்ட இடமும் ஒவ்வொரு நூலிலும் இருக்க வேண்டும் என்று விதித்தது. அதனால் பாடினவர் பெயரே இல்லாத மலிவுப் பாட்டுப் புத்தகத்தில்கூட அச்சுக்கூடத்தின் பெயர் பெரும்பாலும் இருக்கும். அதே சட்டத்தின்படி பதிவான நூல்களின் பட்டியல் மூன்று மாதத்துக்கு ஒருமுறை சென்னை அரசிதழோடு வெளிவந்தது. உங்கள் கையில் இருக்கும் கிழிந்த பிரதிக்கு அந்தப் பட்டியலில் முழு விவரமும் கிடைக்க வாய்ப்புண்டு.

ஆண்டு கண்டுபிடிப்பதுதான் புதியவர்களைத் திணற வைக்கும். பல நூல்களில் ஆங்கில ஆண்டே இராது. ‘குரோதி வருடம் ஆவணி மாதம்’ என்று மட்டும் இருக்கும். குரோதி அறுபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வருகிறது. 1844இலும் வந்தது, 1904இலும் வந்தது, 1964இலும் வந்தது. எது என்று முடிவு செய்ய வேறு துணை தேட வேண்டும். விலை ரூபாய், அணா, பைசாவில் இருந்தால் 1957க்கு முந்தியது என்று பெரும்பாலும் கொள்ளலாம், ‘ந.பை.’ என்று இருந்தால் 1957க்கும் 1964க்கும் இடைப்பட்டது. ‘லை’, ‘னை’, ‘றா’ போன்றவை பழைய கொம்பும் சுழியுமாக இருந்தால் 1978இன் எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்திய கோப்பு. ஆனால் பழைய பக்கத்தைப் படம் பிடித்து மறுபதிப்புச் செய்கிறவர்களும் உண்டு, ஆகவே எழுத்தை மட்டும் நம்ப வேண்டாம். முன்னுரையின் தேதியையும் நம்ப வேண்டாம். மூன்றாம் பதிப்பில் முதல் பதிப்பின் முன்னுரை தேதியோடு அப்படியே நிற்கும். தெரியாத இடத்தில் ‘1957க்கு முன்’ என்று எழுதுங்கள். உறுதியில்லாமல் ஒரு வருஷத்தைப் போட்டுவிட்டால் நாலு பேர் அதையே எடுத்து எழுதி அதை உண்மையாக்கிவிடுவார்கள்.

இன்னொன்று, பின்னட்டை. ‘எங்களிடம் கிடைக்கும் இதர புத்தகங்கள்’ என்று விலையோடு ஒரு பட்டியல் இருக்கும். இன்று ஒரு பிரதிகூடக் கண்ணில் படாத எத்தனையோ பாட்டு நூல்கள் அந்தப் பட்டியலில் மட்டும் உயிரோடு இருக்கின்றன. பைண்டு செய்கிறவர்கள் முதலில் பிய்த்துப் போடுவது அந்த அட்டையைத்தான். பைண்டுக்குக் கொடுப்பதாக இருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

3. தெலுங்கு எழுத்துப் படியுங்கள்.

இதைச் சொன்னால் முகம் சுளிக்கிற பிள்ளைகள் உண்டு. தமிழ்நாட்டில் அச்சான பழைய கர்நாடக இசைத் தொகுப்புகளில் பெரும்பங்கு தெலுங்கு எழுத்தில்தான் இருக்கிறது. வீணை ராமானுஜய்யாவின் ‘சங்கீத சர்வார்த்த சார சங்கிரகமு’, தச்சூர் சிங்காராசார்யுலு சகோதரர்களின் ‘காயக பாரிஜாதம்’, ‘காயக சித்தாஞ்சனம்’ முதலிய வரிசை எல்லாம் சென்னையில் அச்சேறியவை, எழுத்து தெலுங்கு. வேடசந்தூர், ஒட்டன்சத்திரம் பக்கம் வீட்டில் தெலுங்கு பேசுகிற குடும்பங்கள் நிறைய. பேச்சு தெரியும், எழுத்து தெரியாது. அந்தப் பிள்ளைகள் ஒரு மாதம் உட்கார்ந்தால் எழுத்து வந்துவிடும்; நம் பகுதிக்கு இது ஒரு வாய்ப்பு.

தெலுங்கு எழுத்தில் வந்தவற்றில் ஒன்றை மட்டும் நீங்கள் விரிவாகத் தெரிந்துகொள்ளத்தான் வேண்டும். சென்னையில் சின்னசாமி முதலியார் என்ற கிறிஸ்தவ அன்பர் இருந்தார், எம்.ஏ. படித்தவர், அரசாங்க வேலை. நம் கீர்த்தனைகளை ஐரோப்பியரின் ஐந்து கோட்டுக் குறிப்பில் அச்சிட்டு உலகத்துக்குக் காட்ட வேண்டும் என்று 1890களில் இறங்கினார். எட்டயபுரத்திலிருந்து சுப்பராம தீக்ஷிதரை வரவழைத்துப் பாடச் சொல்லிக் கேட்டுக் குறிப்பெடுத்தார். ஐந்து கோட்டுக் குறிப்புக்குத் தனி அச்சு, தனிக் கோப்பாளி, தனிச் செலவு. கைப்பொருள் கரைந்தது, கண்பார்வையும் போனது. ஆனாலும் அவர் மனம் விடவில்லை; தீக்ஷிதரிடம் இருக்கும் பாடங்களையெல்லாம் அவரே நூலாக எழுதி வெளியிட வேண்டும் என்று எட்டயபுரம் அரசரிடம் வேண்டிக்கொண்டார்.

அப்படி 1904இல் எட்டயபுரத்து வித்யா விலாசினி அச்சுக்கூடத்தில் பிறந்ததுதான் ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’. சுப்பராம தீக்ஷிதர் பாலுஸ்வாமி தீக்ஷிதரின் மகள் வயிற்றுப் பேரன், அவராலேயே சுவீகாரம் எடுக்கப்பட்டவர். முத்துஸ்வாமி தீக்ஷிதரின் கிருதிகள் குடும்ப வழியாக அவரிடம் வந்தவை. அவற்றில் இருநூறுக்கும் மேற்பட்டவற்றை ஸ்வரத்தோடும் கமகக் குறிகளோடும் அதில் கொடுத்திருக்கிறார். கமகத்துக்கென்று தனிக் குறிகள் வைத்து அச்சிட்டதுதான் அந்த நூலின் பெரிய சாதனை. ஸ்வரம் ஒன்றே ஆனாலும் அதை அசைத்துப் பிடிப்பதா, நழுவிப் போவதா என்பதை மற்ற நூல்கள் குருவிடம் விட்டுவிட்டன. இது தாளிலேயே காட்ட முயன்றது. முகப்பில் வாக்கேயகாரர்களின் சரித்திரமும் இருக்கிறது. ஆக, தொகுப்பும் கலைக்களஞ்சியமும் ஒரே அட்டைக்குள். சென்னை மியூசிக் அகாடமி பிற்பாடு ஐந்து தொகுதிகளாகத் தமிழ் எழுத்தில் வெளியிட்டது; தொடங்குகிறவர்கள் அதில் தொடங்கலாம். ஆனால் சந்தேகம் வந்தால் 1904ஐத்தான் கேட்க வேண்டும். அதற்குத்தான் தெலுங்கு எழுத்து.

4. புள்ளியைப் பாருங்கள்.

தமிழில் அச்சான ஸ்வர வரியில் எழுத்தின் தலையில் நிற்கும் புள்ளி மெய்யெழுத்துப் புள்ளி அல்ல, மேல் ஸ்தாயி. காலடியில் நின்றால் மந்தர ஸ்தாயி. நெடில் எழுத்து இரண்டு அட்சரம், அரைப்புள்ளி இரண்டு அட்சரத்துக் கார்வை, காற்புள்ளி ஒன்று. மேலே கோடு இழுத்திருந்தால் அதற்குள் இருப்பவை துரிதம். நம் ஸ்வரக்குறிப்பு பெரும்பாலும் சாதாரண எழுத்தையும் நிறுத்தக் குறிகளையும் வைத்தே நடப்பதால்தான் சிற்றூர் அச்சுக்கூடங்களும் இசைநூல் போட முடிந்தது. சின்னசாமி முதலியார் பட்ட பாட்டை நினைத்துப் பாருங்கள், இதன் அருமை விளங்கும்.

அதே காரணத்தால் பிழையும் எளிதில் நுழையும். தேய்ந்த அச்சில் புள்ளி விழாது. மங்கலாகப் படம் எடுத்தால் காலடிப் புள்ளி தாளின் கறையோடு கலந்துவிடும். கணினியில் எழுத்துணரி மென்பொருளுக்குக் கொடுத்தால் தலைப் புள்ளியை மெய்யெழுத்தாக்கிவிடும், அடிப் புள்ளியை விழுங்கிவிடும். பாட்டு வரிக்கு அந்த மென்பொருள் உதவும். ஸ்வர வரியைக் கையால்தான் எழுத வேண்டும். எழுதிய பிறகு ஒருமுறை பாடிப் பாருங்கள். ஆவர்த்தனம் இடித்தால், பிழை உங்கள் கையிலா, அச்சிலா என்று மூலத்தை மறுபடி பாருங்கள். அச்சில் என்று உறுதியானால் முதல் அறிவுரையை நினைத்துக்கொள்ளுங்கள்.

5. ‘கருணாமிர்த சாகர’த்தைச் சண்டைக்காக மட்டும் படிக்காதீர்கள்.

1917இல் தஞ்சாவூரில் தம் சொந்த அச்சகமான லாலி மின் அச்சுக்கூடத்திலேயே பண்டிதர் இதை அச்சிட்டார். ஆயிரத்து முந்நூறு பக்கத்துக்கு மேல். அதற்கு முன்பே, 1907இல், ‘கருணாமிர்த சாகரத் திரட்டு’ என்று தமிழிலேயே பாடிப் பழகத் தாம் இயற்றிய பாட்டுகளைத் தொகுத்து வெளியிட்டிருந்தார். 1912இல் சங்கீத வித்யா மகாஜன சங்கத்தைத் தொடங்கி, தம் செலவிலேயே தஞ்சையில் மாநாடுகள் நடத்தி வித்வான்களைக் கூட்டி வாதம் நடத்தினார். 1916இல் பரோடாவில் நடந்த அகில இந்திய மாநாட்டுக்குப் போய், தம் பெண்களைக் கொண்டு வீணையில் வாசித்துக் காட்டச் செய்தார். அங்கே வாதம் எல்லாம் சுருதியைப் பற்றி. சாரங்கதேவர் வழியில் ஒரு ஸ்தாயிக்கு 22 சுருதி என்று எல்லோரும் சொல்ல, சிலப்பதிகாரத்தையும் அதன் உரையையும் ஆதாரமாக வைத்து 24 என்று இவர் நின்றார். ஆயப்பாலை, வட்டப்பாலை, திரிகோணப்பாலை, சதுரப்பாலை என்று அடுக்கிக் கணக்குப் போட்டுக் காட்டினார்.

முப்பது ஆண்டு கழித்து, 1947இல் கரந்தைத் தமிழ்ச் சங்கம் வெளியிட்ட ‘யாழ் நூல்’ அதே சிலப்பதிகாரத்தை வைத்து வேறு கணக்குச் சொன்னது. விபுலாநந்த அடிகள் 22 அலகையே ஏற்றார். இருவரும் மூலத்தைக் கையில் வைத்துப் பேசியவர்கள். இதில் யார் பக்கம் நிற்பது என்று முடிவுகட்ட உங்களுக்கு இப்போது என்ன அவசரம்? இரண்டு நூலையும் மேசையில் விரித்து, ஒரே சிலப்பதிகார அடிக்கு இருவரும் எப்படிப் பொருள் கொண்டார்கள் என்று பக்க எண்ணோடு குறித்துக்கொண்டே போங்கள். இருபத்து நான்கா, இருபத்திரண்டா என்பது தானே தெளியட்டும், தெளியாமலே கிடந்தாலும் கிடக்கட்டும்.

என் வேண்டுகோள் வேறு. அந்தச் சண்டைப் பக்கங்களைத் தாண்டிப் போங்கள். தென்னிந்திய வித்வான்களின் பெயர் அட்டவணை ஒன்றைப் பண்டிதர் தொகுத்துக் கொடுத்திருக்கிறார். பஞ்சாங்கம்போல் யாரும் படிக்காமல் தள்ளிவிடுகிற பக்கங்கள் அவை. ஊர் ஊராக வாழ்ந்த பாடகர்களை, வாத்தியக்காரர்களை வேறு எந்த அச்சும் நினைவில் வைத்திருக்கவில்லை. நம் ஊர்ப்புறத்தில் ஒரு குடும்பத்தின் இசை வரலாற்றைத் தேடுகிறவர்கள் அங்கே தொடங்கலாம். பண்டிதர் 1919இல் மறைந்தார். நூலின் இரண்டாம் புத்தகம் அவர் மகள் முயற்சியால் 1946இல்தான் வந்தது. முதல் புத்தகம் மட்டுமே வைத்துக்கொண்டு முழுதும் படித்ததாகச் சொல்கிறவர்கள் உண்டு. நீங்கள் இரண்டையும் பாருங்கள்.

6. ஸ்வரம் இல்லாத பாட்டுப் புத்தகத்தை அலட்சியம் செய்யாதீர்கள்.

இதுதான் நம் திண்டுக்கல் சீமையின் உண்மையான செல்வம். ஸ்பெஷல் நாடகம் இன்றும் நடக்கிற பூமி இது. மதுரை, புதுக்கோட்டைபோல் நம் ஊரிலும் நாடக நடிகர் சங்கம் இருக்கிறது. சங்கரதாஸ் சுவாமிகளின் ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’ பாடியவர்கள் வீட்டிலும், ஆர்மோனியம் வாசித்தவர்கள் பெட்டியிலும் அணா விலைப் பாட்டுப் புத்தகங்கள் கிடக்கும். பழனி அடிவாரத்தில் விற்ற காவடிச் சிந்துப் புத்தகங்கள், பஜனை மடங்களில் மார்கழிக்குப் புழங்கிய திரட்டுகள், கிராமபோன் தட்டோடு வந்த பாட்டுப் பிரதிகள், 1931இல் தமிழ் பேசும் படம் வந்த பிறகு கொட்டகை வாசலில் விற்ற சினிமா பாட்டுப் புத்தகங்கள் எல்லாம் இந்த வகை. தாள் மட்டம், அச்சு மட்டம், பெரிய நூலகங்கள் நெடுங்காலம் வாங்கி வைக்கவே இல்லை. கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் தனி மனிதராக இவற்றையும் சேர்த்து வைத்ததால்தான் சென்னையில் 1994இல் அவர் பெயரில் தொடங்கிய ஆராய்ச்சி நூலகத்தில் இன்று நாம் பார்க்க முடிகிறது.

இவற்றில் நீங்கள் தேட வேண்டியது பாட்டின் தலையில் இருக்கும் ‘வர்ணமெட்டு’ வரி. இன்ன பாட்டின் மெட்டு என்று சொல்லிவிட்டு, புது வார்த்தைகளைக் கீழே போட்டிருப்பார்கள். அந்த ஒரு வரியில் நிறைய இருக்கிறது. முதலில், மூலப் பாட்டு அந்த ஆண்டிலேயே எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்று தெரிகிறது. தெரியாத மெட்டைச் சொல்லி யாரும் புத்தகம் விற்க முடியாது. அடுத்து, மூலப் பாட்டு ஒரு சினிமாவிலோ தட்டிலோ வந்திருந்தால், இந்தப் புத்தகம் அதற்குப் பிந்தியது என்று காலம் கிடைக்கிறது. இன்னும் ஒன்று: கச்சேரிக் கிருதியின் மெட்டில் மதுவிலக்குப் பாட்டு, பார்சி நாடக மெட்டில் முருகன் பாட்டு என்று, யாருடைய இசை யாரிடம் போனது என்ற வரைபடமே இந்த வரிகளைச் சேர்த்தால் எழுந்துவிடும். ஆகவே உங்கள் பட்டியலில் வர்ணமெட்டுக்கென்று ஒரு கட்டம் கட்டாயம் வேண்டும். பழைய பட்டியல்கள் பலவற்றில் அது இல்லை.

ஸ்வரம் இல்லாததால் மதிப்புக் குறைந்துவிடாது என்பதற்கு ‘நந்தனார் சரித்திரக் கீர்த்தனை’யே போதும். கோபாலகிருஷ்ண பாரதியாரின் அந்த நூல் 1860களின் தொடக்கத்தில் காரைக்காலில் ஒரு பிரெஞ்சு அதிகாரியின் உதவியால் அச்சேறியது. அதன் பிறகு அந்தப் பாட்டுகள் போகாத ஊர் இல்லை.

7. கோயிலுக்குப் போகிற கால் சர்ச்சுக்கும் போகட்டும்.

திண்டுக்கல் 1830களிலிருந்தே மதுரை அமெரிக்க மிஷனின் தலம். அந்த மிஷனைச் சேர்ந்த எட்வர்டு வெப் தஞ்சாவூர் வேதநாயக சாஸ்திரியாரின் பாட்டுகளில் ஆழ்ந்து, 1850களில் தமிழ்க் கிறிஸ்தவக் கீர்த்தனைகளைத் திரட்டி அச்சில் கொண்டுவந்தார். ஐரோப்பியப் பாமாலைகளின் மொழிபெயர்ப்பைப் பாடிக்கொண்டிருந்த சபைகளுக்குப் பல்லவி, அனுபல்லவி, சரணம் என்ற நம் கட்டமைப்பில் ராகமும் தாளமும் போட்ட புத்தகம் கிடைத்தது. கீர்த்தனைப் புத்தகம் பதிப்புக்குப் பதிப்பு பாட்டு சேர்த்தும் நீக்கியும் வளர்ந்தது. எந்தப் பாட்டு எந்தப் பதிப்பில் நுழைந்தது என்று ஒழுங்கு செய்வதே ஒருவருக்கு நல்ல வேலை. சபைக் குடும்பங்களில் பாட்டி காலத்துப் பிரதி பத்திரமாக இருக்கும். மாயூரம் வேதநாயகம் பிள்ளையின் ‘சர்வ சமய சமரசக் கீர்த்தனைகள்’ (1878) வேறு, சாஸ்திரியார் வேறு. பெயர் ஒற்றுமையால் இருவரையும் ஒருவராக்கிய பட்டியல்களைப் பார்த்து நொந்திருக்கிறேன்.

8. முதல் வரியை அகராதியாக்குங்கள், முதல் ஸ்வரத்தையும்.

பாட்டைத் தேடி வருகிறவருக்குப் புத்தகத்தின் பெயர் தெரியாது. பல்லவியின் தொடக்கம்தான் தெரியும். அதை அகரவரிசையில் அடுக்குங்கள். ‘ஸ’வும் ‘ச’வும், ‘ஜ’வும் ‘ச’வும் மாறி மாறி வரும். அச்சில் உள்ளபடி ஒரு கட்டம், தேடுவதற்கு ஒருமைப்படுத்திய வடிவம் இன்னொரு கட்டம். ராகத்துக்கும் அப்படியே. வேங்கடமகி வழியில் எழுதிய நூல் ‘ஜனதோடி’ என்னும். மற்றது ‘அனுமத்தோடி’ என்னும். ஒன்றில் 22ஆம் மேளம் ஸ்ரீராகம், மற்றதில் கரகரப்பிரியா. பெயரை மாற்றி எழுதினால் அந்த நூல் எந்த வழியைச் சேர்ந்தது என்ற அடையாளமே போய்விடும்.

ஸ்வரம் கொடுத்திருக்கும் நூலானால் பல்லவியின் முதல் ஆவர்த்தன ஸ்வரத்தையும் பட்டியலில் சேருங்கள். 1952இல் ஐரோப்பாவில் தொடங்கி இன்றும் நடக்கிற ‘ரிஸ்ம்’ என்ற பெரும் பட்டியல், உலகத்து நூலகங்களில் உள்ள பழைய இசைப் பிரதிகளை இந்த முறையில்தான் அடையாளம் காண்கிறது. கையெழுத்துப் பிரதிகளுக்குத் தொடக்க ஸ்வரங்களைச் சேர்த்தே பதிகிறது. இயற்றியவர் பெயர் இல்லாத பிரதியும் மெட்டை வைத்துப் பிடிபட்டுவிடும். தமிழ்ப் பாட்டுக்கு அப்படி ஒரு பொதுப் பட்டியல் நான் அறிந்து எழவில்லை. உங்கள் தலைமுறையில் எழ வேண்டும் என்பது என் ஆசை.

9. அகராதியையும் விசாரியுங்கள்.

பேராசிரியர் பி. சாம்பமூர்த்தியின் இசை அகராதி, வீ.ப.கா. சுந்தரம் எழுதிப் பாரதிதாசன் பல்கலைக்கழகம் நான்கு தொகுதிகளாக வெளியிட்ட ‘தமிழிசைக் கலைக்களஞ்சியம்’, மு. அருணாசலத்தின் ‘தமிழ் இசை இலக்கிய வரலாறு’ ஆகிய மூன்றும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். சுந்தரம் ஐயா நமக்கு அடுத்த கம்பம் பள்ளத்தாக்கின் கோம்பையில் பிறந்தவர். தனி மனிதர்கள் உயிரைக் கொடுத்துச் செய்த வேலை இது, வணங்கிவிட்டே திறவுங்கள். திறந்த பிறகு, இந்தச் செய்தி இவருக்கு எங்கிருந்து கிடைத்தது என்று கேளுங்கள். ஒருவர் ஒரு பிறந்த ஆண்டைச் சொல்ல, அடுத்தவர் அவரைப் பார்த்து எழுத, மூன்றாமவர் இருவரையும் ஆதாரம் காட்டுவார். பார்ப்பதற்கு மூன்று ஆதாரம், உண்மையில் ஒன்றுதான்.

தமிழ் அச்சு நூல்களின் பழைய பட்டியல்களில் ஜான் மர்டாக் 1865இல் வெளியிட்டதும், பிரிட்டிஷ் மியூசியத்தின் 1909ஆம் ஆண்டுப் பட்டியலும் முக்கியம். பாட்டு நூல்கள் அவற்றில் எந்தெந்தத் தலைப்பின் கீழ் சிதறிக் கிடக்கின்றன என்று பொறுமையாகப் பாருங்கள். ‘இசை’ என்ற தலைப்பில் மட்டும் தேடினால் ஏமாந்து போவீர்கள்.

10. மதுரை வரை போய் வாருங்கள்.

சௌராஷ்டிர சபையில் வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதர் வழிவந்த தியாகராஜர் ஏடுகளும் சுவடிகளும் இருக்கின்றன. பாகவதர் தியாகராஜரிடமே கற்றவர். அச்சுப் பிரதி எதற்கு முந்தியது, எதற்குப் பிந்தியது என்பதை உணரக் கையெழுத்துச் சுவடியை ஒருமுறையாவது கண்ணால் பார்த்திருக்க வேண்டும். முன்கூட்டியே எழுதிக் கேட்டு, அனுமதி பெற்றுப் போங்கள்.

11. அச்சில் ஏறாததையும் குறித்துக்கொள்ளுங்கள்.

பழனி முத்தையா பிள்ளையும் மகன் சுப்பிரமணிய பிள்ளையும் நம் மாவட்டத்தின் பெருமை. மகனின் இடக்கை மிருதங்கத்தைக் கேட்டவர்கள் இன்னும் பேசுகிறார்கள். அந்த நாதத்தில் எத்தனை பங்கு எந்தப் பாட்டுப் புத்தகத்தில் இருக்கிறது? ஒன்றும் இல்லை. கீர்த்தனைத் தொகுப்புகள் தாளத்தின் பெயரோடு நின்றுவிடும். தவில், உறுமி, ஒயில் கும்மியின் அடவு எதுவும் அச்சுக்கு வரவில்லை. நூலில் உள்ள பாட்டை இன்றும் பாடுகிறவர் ஒருவர் உயிரோடு இருந்தால், அவரிடம் புத்தகத்தைக் கொண்டுபோய் வைத்து, ‘ஐயா, நீங்கள் இதை எப்படிப் பாடுவீர்கள்?’ என்று கேட்டுப் பதிவு செய்யுங்கள். புத்தகம் இருக்கும், நாளைக்கும் பார்க்கலாம். அவர் எழுபத்தைந்து வயதுக்காரர். எதை முதலில் செய்வது என்று தயங்கினால் அவரிடம் முதலில் போங்கள்.

12. பிரதியைக் கையாளும்போது செல்லோடேப் வேண்டாம், லேமினேஷன் வேண்டாம். இரண்டும் தாளைத் தின்றுவிடும். 1900ஐ ஒட்டிய மலிவுத் தாள் மடித்தால் உடையும். முழுக்க விரிக்காமல் பாதி திறந்து வைத்தே படம் எடுங்கள். நம் பக்கத்தில் ஈரத்தைவிடக் கரையானும் ராமபாணமும்தான் எதிரி. மண்தரையோடு ஒட்டி எதையும் அடுக்காதீர்கள்.

13. வீட்டுக்காரரிடம் பேசும் முறை.

பழைய பேப்பர் கடைக்குப் போவதற்கு முன்னால் வீட்டிலேயே கேட்டுவிட வேண்டும். நத்தத்திலோ நிலக்கோட்டையிலோ ஒரு பெட்டியைத் திறந்து காட்டுகிற அம்மாவிடம் ‘இதை எங்களுக்குக் கொடுங்கள்’ என்று தொடங்காதீர்கள். அது அவர் மாமனார் தொட்ட புத்தகம். அங்கேயே உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டு, பிரதியை அவரிடமே விடுங்கள். எடுத்த படத்தையும் அவருக்கு ஒன்று கொடுங்கள். பெட்டியில் எந்த வரிசையில் இருந்ததோ அதே வரிசையில் திருப்பி வையுங்கள். கொடுக்கத்தான் போகிறார் என்றால், யார் கொடுத்தது, யாருடையது என்று முதல் பக்கத்தில் பென்சிலால் எழுதுங்கள், பேனாவால் அல்ல.

அச்சான எல்லாவற்றையும் பொதுவில் ஏற்றிவிடவும் முடியாது. நம் சட்டப்படி ஆசிரியர் மறைந்த பின் அறுபது ஆண்டு உரிமை உண்டு. ஆபிரகாம் பண்டிதரின் நூலை யாரும் வெளியிடலாம். பாபநாசம் சிவன் மறைந்தது 1973. அவருடைய ‘கீர்த்தன மாலை’ 1934இலிருந்து வந்த பழைய நூல்தானே என்று நினைத்துவிடாதீர்கள், 2033 முடியும்வரை உரிமையாளரிடம் கேட்க வேண்டும். பட்டியலுக்கு அந்தத் தடை கிடையாது. எந்தப் புத்தகத்தைப் பற்றியும் குறிப்பெழுதலாம், அகரவரிசை போடலாம், யாருக்கும் கொடுக்கலாம். ஆகவே பட்டியலை முதலில் முடியுங்கள். ஒரு பிரதியை மாவட்ட மைய நூலகத்துக்கும் ஒன்றைக் காந்திகிராமப் பல்கலைக்கழக நூலகத்துக்கும் கொடுத்துவிட்டு, மூன்றாவதை உங்கள் மேசையில் வைத்துத் திருத்தங்களை அதில் தேதி போட்டு எழுதிக்கொண்டே வாருங்கள்.